தனியார் கல்லூரி வேலையிலிருந்து நீக்கிவிட்டால்: மும்பையில் எங்கே போவது, எத்தனை நாளுக்குள் போவது

மும்பையில் தனியார் கல்லூரிகளை நம்பிப் பிழைக்கும் தமிழர்கள் நிறையப் பேர். மாட்டுங்கா, செம்பூர், முலுண்டு, டோம்பிவிலி என்று எந்தப் பக்கம் போனாலும் கணக்கோ வணிகவியலோ கணினியோ நடத்தும் நம்மவர் ஒருவர் இருப்பார். ஆய்வக உதவியாளர், நூலகர், ஆபீஸ் கிளார்க் வேலையிலும் இருக்கிறார்கள். ஏப்ரல், மே மாதம் வந்தால் இவர்களில் சிலருக்கு "உங்கள் சேவை இனித் தேவையில்லை" என்று ஒரு கடிதம் வரும். கடிதமே இல்லாமல், ஜூனில் கல்லூரி திறக்கும்போது மஸ்டரில் (வருகைப் பதிவேட்டில்) பெயர் இருக்காது, அவ்வளவுதான்.

அன்று சாயங்காலமே ஆளுக்கொரு யோசனை சொல்வார்கள். ஒருவர் லேபர் ஆபீஸில் புகார் கொடு என்பார். இன்னொருவர் நேரே ஹைகோர்ட்டுக்குப் போ என்பார். மூன்றாமவர், "பெரிய இடத்தைப் பகைச்சுக்காதே, வேற வேலையைப் பாரு" என்பார். இவர்கள் எல்லோருமே நல்ல மனதோடுதான் சொல்கிறார்கள். ஆனால் ஒவ்வொருவர் சொன்னதையும் முயன்று பார்த்து முடிப்பதற்குள், சட்டம் நமக்குக் கொடுத்திருக்கும் 30 நாள் ஓடிப்போய்விடும். இந்த 30 நாள் கணக்கு தெரியாமல் நல்ல வழக்கு வலுவிழந்து போகக் கூடாது என்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன். அடிப்படையிலிருந்து ஆரம்பிப்போம்.

சாதாரண சிவில் கோர்ட் ஏன் போதாது

அரசு ஊழியரை நினைத்தபடி நீக்க முடியாது. அவருக்கு அரசியலமைப்பின் 311 ஆம் பிரிவு காவலாக இருக்கிறது. தனியார் கல்லூரி ஆசிரியருக்கு அந்தக் காவல் கிடையாது. அவருக்கும் நிர்வாகத்துக்கும் இடையே இருப்பது ஓர் ஒப்பந்தம். ஒப்பந்தத்தை மீறினால் நஷ்டஈடு கேட்கலாம். ஆனால் "இவரைத் திரும்ப வேலைக்கு வைத்துக்கொள்" என்று சிவில் கோர்ட் பொதுவாக உத்தரவு போடாது.

இதைத் தெளிவாகச் சொன்ன தீர்ப்பு 1976 இல் வந்தது. உத்தரப் பிரதேசத்தில் ஷாம்லி என்ற ஊரின் வைஷ் டிகிரி கல்லூரி முதல்வர் லட்சுமி நாராயண் நீக்கப்பட்ட வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. ஒருவரிடம் வேலை பார்க்கும் ஒப்பந்தத்தைக் கட்டாயப்படுத்தி நிறைவேற்ற முடியாது, அதற்கு மூன்றே விலக்குகள்தான் என்றது நீதிமன்றம். 311 ஆம் பிரிவின் பாதுகாப்பு உள்ள அரசு ஊழியர் ஒன்று. தொழில் தகராறுச் சட்டத்தின்கீழ் வரும் தொழிலாளர் இரண்டு. சட்டத்தால் உருவாக்கப்பட்ட அமைப்பு அந்தச் சட்டத்தையே மீறி ஒருவரை நீக்கியிருந்தால் அது மூன்று. சங்கமாகப் பதிவு செய்த ஒரு கமிட்டி நடத்தும் கல்லூரி மூன்றாவது விலக்குக்குள் வராது என்று அந்த முதல்வருக்கு வேலை திரும்பக் கிடைக்கவில்லை.

லேபர் கோர்ட்?

அப்படியானால் இரண்டாவது விலக்கைப் பிடித்துக்கொள்ளலாமே என்று தோன்றும். கல்வியும் ஒரு தொழில்தான் என்று 1978 இல் பெங்களூர் குடிநீர் வாரிய வழக்கில் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு சொல்லியிருந்தது. கோவாவில் ஒரு பள்ளியிலிருந்து நீக்கப்பட்ட ஆசிரியை ஒருவரும் தொழில் தகராறாகத்தான் வழக்கை எடுத்துப் போனார். அதுதான் 1988 இன் ஏ. சுந்தராம்பாள் வழக்கு. பள்ளி தொழில் நிறுவனமாக இருக்கலாம், ஆனால் ஆசிரியர் 'தொழிலாளர்' அல்ல என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. உடல் உழைப்பு, கிளார்க் வேலை, மேற்பார்வை, தொழில்நுட்ப வேலை என்று சட்டம் அடுக்கும் வகை எதிலும் பாடம் நடத்துவது அடங்காது என்பது காரணம்.

அதே தீர்ப்பில் இன்னொரு பகுதி இருக்கிறது. அது எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது. ஆசிரியர்களைச் சுரண்டும் நிர்வாகங்கள் இருப்பது எங்களுக்குத் தெரியும், பல மாநிலங்கள் இதற்கென்றே நீதித்துறைத் தீர்ப்பாயங்கள் அமைத்திருக்கின்றன, அப்படி ஓர் ஏற்பாடு தேவை என்று நீதிபதிகள் எழுதினார்கள். 2002 இல் டி.எம்.ஏ. பாய் அறக்கட்டளை வழக்கில் பதினொரு நீதிபதிகள் அமர்வு இதையே இன்னும் அழுத்தமாகச் சொன்னது: தனியார் கல்வி நிறுவனம் தன் ஊழியர்மேல் ஒழுங்கு நடவடிக்கை எடுக்க அரசிடம் முன்கூட்டியே அனுமதி வாங்க வேண்டியதில்லை, ஆனால் அந்த நடவடிக்கை சரியா என்று பார்க்க மாவட்ட நீதிபதி நிலையில் தீர்ப்பாயம் இருக்க வேண்டும்.

ஆக, தனியார் கல்லூரி ஆசிரியருக்கென்று சட்டம் வைத்திருக்கும் வழி தீர்ப்பாயம்தான். கிளார்க், பியூன், ஆய்வக உதவியாளர் போன்றவர்கள் தொழிலாளர் என்ற வரையறைக்குள் வர வாய்ப்புண்டு. ஆனால் மகாராஷ்டிரத் தீர்ப்பாயங்கள் ஆசிரியர் அல்லாத ஊழியர்களுக்கும் திறந்தே இருக்கின்றன. எது உசிதம் என்று முதலிலேயே வக்கீலிடம் கேட்டுத் தீர்மானிக்க வேண்டும். இரண்டு பக்கமும் கால் வைத்தால் காலம்தான் வீணாகும்.

எந்தத் தீர்ப்பாயம்: எல்லாம் டிகிரியில் இருக்கிறது

மும்பையில் நிறையப் பேர் தடுக்கி விழும் இடம் இது. ஒரே கட்டடம், ஒரே பெயர்ப்பலகை, ஒரே டிரஸ்ட். முதல் மாடியில் பதினொன்றாம், பன்னிரண்டாம் வகுப்பு நடக்கும் ஜூனியர் காலேஜ். இரண்டாம் மாடியில் பி.எஸ்சி., பி.காம். வகுப்புகள். வெளியே கேட்டால் இரண்டு பேருமே "காலேஜ் லெக்சரர்" என்றுதான் சொல்வார்கள். ஆனால் சட்டப்படி இருவருக்கும் வேறு வேறு உலகம்.

ஜூனியர் காலேஜ் ஆசிரியருக்குப் பொருந்துவது 1977 ஆம் ஆண்டின் மகாராஷ்டிரத் தனியார் பள்ளி ஊழியர் பணி நிபந்தனைச் சட்டம். வக்கீல்கள் வாயில் இது 'எம்.இ.பி.எஸ். ஆக்ட்'. பெயரில் பள்ளி என்று இருப்பதைப் பார்த்து, "நான் காலேஜ், எனக்கு இது இல்லை" என்று ஒதுக்கிவிடாதீர்கள். பட்டப்படிப்புக்குக் கீழே உள்ள எந்தப் படிப்பையும் நடத்தும் நிறுவனத்தை, தொழில்நுட்ப, தொழிற்கல்வி நிறுவனங்களையும் சேர்த்தே, இந்தச் சட்டம் 'பள்ளி' என்கிறது. இவர்களின் மேல்முறையீடு ஒன்பதாவது பிரிவின்கீழ் பள்ளித் தீர்ப்பாயத்துக்குப் போகும்.

பட்டப்படிப்பு நடத்தும், பல்கலைக்கழகத்தோடு இணைந்த கல்லூரி என்றால் 2016 ஆம் ஆண்டின் மகாராஷ்டிரப் பொதுப் பல்கலைக்கழகங்கள் சட்டம் பொருந்தும். மும்பைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்த கலை அறிவியல் கல்லூரியானாலும் சரி, அரசு உதவி வாங்காத பொறியியல் கல்லூரியானாலும் சரி, 81 ஆம் பிரிவின்கீழ் பல்கலைக்கழக, கல்லூரித் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்ய வேண்டும்.

இரண்டு மாடியிலும் வகுப்பெடுப்பவர் என்ன செய்வது? நியமன உத்தரவை எடுத்துப் பாருங்கள். எந்தப் பணியிடத்துக்கு நியமித்தார்கள், எந்தப் பிரிவின் சம்பளப் பட்டியலில் பெயர் இருக்கிறது என்பதுதான் கேள்வி. எந்த வகுப்புக்கு டைம்டேபிள் போட்டார்கள் என்பது அதற்குப் பிறகுதான்.

நிகர்நிலைப் பல்கலைக்கழகம், தனிச் சட்டத்தால் வந்த தனியார் பல்கலைக்கழகம் இவற்றில் வேலை செய்பவர்கள் 81 ஆம் பிரிவு தங்களுக்கும் கிடைக்கும் என்று நினைத்துக்கொண்டிருக்கக் கூடாது. அந்தப் பல்கலைக்கழகத்தின் சொந்த விதிகள், ஹைகோர்ட்டில் நேரே போடும் ரிட் மனு, சிவில் வழக்கு என்று அது வேறு பாதை. அதற்குத் தனியாக ஆலோசனை தேவை.

இன்னொன்று, உறவுக்காரர்கள் சொல்லும் கணக்கு. நம் குடும்பங்கள் மூன்று நான்கு ஊர்களில் பரந்து கிடப்பவை. பெங்களூரில் இருக்கும் மச்சான், "மூணு மாசம் டைம் இருக்கு, பதறாதே" என்பார். அவர் சொல்வது அவருடைய ஊருக்குச் சரி. கர்நாடகக் கல்விச் சட்டத்தின் 94 ஆம் பிரிவு மூன்று மாதம் கொடுக்கிறது. டெல்லிப் பள்ளிகளுக்கான 1973 ஆம் ஆண்டுச் சட்டமும் மூன்று மாதம் கொடுக்கிறது. தமிழ்நாட்டுக் கல்லூரிகளுக்கு 1976 ஆம் ஆண்டுச் சட்டம் தனியாக இருக்கிறது. மகாராஷ்டிரத்தில் மேலே சொன்ன இரண்டு சட்டங்களுமே கொடுப்பது 30 நாள். உத்தரவு உங்கள் கைக்கு வந்த நாளிலிருந்து எண்ண வேண்டும்.

தாமதமானால் எல்லாம் முடிந்தது என்று அர்த்தமில்லை. தக்க காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கத் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் உண்டு. நோய், ஊரில் சாவு, தவறான மன்றத்தில் நல்லெண்ணத்தோடு வழக்குப் போட்டிருந்தது போன்றவற்றை ஆதாரத்தோடு சொல்ல வேண்டும். "டிரஸ்டி திரும்ப எடுத்துக்கிறேன்னு சொன்னார், அதான் காத்திருந்தேன்" என்பது பலர் சொல்லும் உண்மையான காரணம். ஆனால் எழுத்தில் ஒன்றுமில்லாமல் இதை நிரூபிப்பது கஷ்டம். டிரஸ்டி பேசுகிறார் என்றால் பேசட்டும், நீங்கள் மேல்முறையீட்டைப் போட்டுவிட்டுப் பேசுங்கள். சமரசம் ஆனால் பிறகு வாபஸ் வாங்கிக்கொள்ளலாம்.

ஹைகோர்ட்டுக்கு நேரே போனால்

தனியார் கல்லூரிக்கு எதிராக ரிட் மனுவே போட முடியாது என்பது தவறான நம்பிக்கை. 1989 இல் அகமதாபாதில் ஒரு டிரஸ்ட் நடத்திய கல்லூரி மூடப்பட்டபோது, ஆசிரியர்களுக்குச் சேர வேண்டிய பணத்தைக் கொடுக்கச் சொல்லி அந்த டிரஸ்டுக்கே உத்தரவிடலாம் என்று ருதானி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. கல்வி தருவது பொதுக் கடமை என்பது அதன் அடிப்படை. ஆனால் 2022 இல் செயின்ட் மேரிஸ் எஜுகேஷன் சொசைட்டி வழக்கில் அதே நீதிமன்றம் எல்லையைக் குறுக்கியது: நிறுவனம் பொதுக் கடமை செய்கிறது என்பதற்காக அதன் ஒவ்வொரு வேலைத் தகராறும் ரிட் வழக்கு ஆகிவிடாது, அந்த நீக்கத்தோடு சட்ட விதி ஒன்று பின்னிக்கொண்டிருக்க வேண்டும்.

அது மட்டுமில்லை. சட்டமே ஒரு தீர்ப்பாயத்தைக் கையில் கொடுத்திருக்கும்போது, முதலில் அங்கே போய்விட்டு வா என்று ஹைகோர்ட் திருப்பி அனுப்புவதுதான் வழக்கம். அப்படித் திரும்பி வரும்போது சில மாதங்கள் போயிருக்கும், கையில் இருந்த பணமும் கரைந்திருக்கும்.

எப்படி நீக்கினால் தவறு

தீர்ப்பாயத்தில் பெரும்பாலான வழக்குகள் நிற்பதும் விழுவதும் நீக்கிய முறையை வைத்துத்தான். நிரந்தர ஊழியரை ஒழுங்கீனம் என்று சொல்லி நீக்க வேண்டுமானால், என்ன குற்றம் என்று எழுத்தில் சொல்ல வேண்டும். பதில் சொல்ல அவகாசம் தர வேண்டும். விசாரணை நடத்த வேண்டும். சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்ய விட வேண்டும். விசாரணை அறிக்கையின் நகலைத் தர வேண்டும்.

1977 சட்டத்தின்கீழ் வந்த 1981 ஆம் ஆண்டு விதிகள் இதை மிக விரிவாகவே வகுத்திருக்கின்றன. விசாரணைக் குழுவில் மூன்று பேர். நிர்வாகத்தின் ஆள் ஒருவர். ஊழியரே தேர்ந்தெடுக்கும் ஒருவர், அவர் ஏதாவதொரு தனியார் பள்ளியில் வேலை செய்பவராக இருக்க வேண்டும். மூன்றாமவர் மாநில அல்லது தேசிய நல்லாசிரியர் விருது பெற்றவர்களின் பட்டியலிலிருந்து வருபவர். உங்கள் பக்கத்துக்கு ஒருவரை நியமிக்கச் சொல்லிக் கடிதம் வந்தால் கோபத்தில் கிழித்துப் போடாதீர்கள். "என் ஆளை நான் சொல்லவேயில்லை" என்பது பிறகு உங்களுக்கு எதிராகத்தான் திரும்பும். சஸ்பென்ஷனும் உரிய அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் நான்கு மாதத்தைத் தாண்டக் கூடாது என்று இந்த விதிகள் சொல்கின்றன.

இதெல்லாம் காகிதத்தில் இருக்கிறது, நடைமுறையில் யார் பார்க்கிறார்கள் என்று கேட்பவர்கள் 2013 இன் தீபாலி குண்டு சுர்வாசே வழக்கைப் படிக்க வேண்டும். அவுரங்காபாதில் ஒரு டிரஸ்ட் நடத்திய தொடக்கப் பள்ளியின் ஆசிரியை அவர். 2005 இல் மாநகராட்சி அந்தப் பள்ளிக்குச் சுமார் 80,000 ரூபாய் வரி போட்டது. தலைமையாசிரியை, டிரஸ்ட் தலைவரின் மனைவி. ஊழியர்கள் ஆளுக்கு மாதம் 1,500 ரூபாய் அந்த வரிக்குத் தர வேண்டும் என்று அவர் கடிதம் அனுப்பினார். பள்ளியின் வரியை ஆசிரியர் சம்பளத்திலிருந்து கட்டுவதாம்! தீபாலி மறுத்தார். அதன்பிறகு அவருக்கு வந்தவை 25 மெமோக்கள். 2006 நவம்பரில் சஸ்பென்ஷன், 2007 ஜூனில் வேலை நீக்கம்.

பள்ளித் தீர்ப்பாயம் 2009 இல் நீக்கத்தை ரத்து செய்து, முழுப் பின் சம்பளத்தோடு, அதாவது வேலையில் இல்லாத காலத்துச் சம்பளத்தோடு, வேலையில் சேர்க்கச் சொன்னது. வேலையில் சேர்க்கச் சொன்னதை ஹைகோர்ட் தொடவில்லை, பின் சம்பளத்தை மட்டும் வெட்டியது. உச்ச நீதிமன்றம் அந்தப் பின் சம்பளத்தைத் திரும்பக் கொடுத்ததோடு, இன்றுவரை எல்லா வக்கீலும் மேற்கோள் காட்டும் ஒரு விதியையும் சொன்னது. சட்டவிரோதமாக நீக்கப்பட்டவருக்குப் பின் சம்பளத்தோடு வேலை திரும்பத் தருவதுதான் சாதாரண விதி. ஊழியர் தான் வேறு வருமானமுள்ள வேலையில் இல்லை என்று தன் மனுவில் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டால், இல்லை இவர் சம்பாதித்துக்கொண்டிருந்தார் என்று நிரூபிக்க வேண்டியது நிர்வாகத்தின் பொறுப்பு.

வேறு வேலையில் இல்லை என்ற இந்த ஒரு வாக்கியம் மேல்முறையீட்டில் விடுபட்டுப் போனால் பின் சம்பளம் சிக்கலாகிவிடும். வீட்டில் டியூஷன் எடுத்துச் சமாளித்தீர்களா? மறைக்காமல் எவ்வளவு வருகிறது என்று எழுதுங்கள். பழைய சம்பளத்தைவிடக் குறைவாகத்தான் வந்தது என்பதும் நீதிமன்றம் கணக்கில் எடுக்கும் விஷயம்தான்.

"நீங்கள் நிரந்தரமே இல்லை"

நிர்வாகத் தரப்பின் முதல் பதில் அநேகமாக இதுவாகத்தான் இருக்கும். இங்கே நிதானமாகப் பார்க்க வேண்டும்.

1977 சட்டத்தின்படி, நிரந்தரக் காலியிடத்தில் முறையாக நியமிக்கப்பட்டவருக்குத் தகுதிகாண் காலம் இரண்டு ஆண்டு. அது முடிந்தால் அவர் நிரந்தரமாகிவிட்டதாகவே கருதப்படுவார், தனியாக உத்தரவு தேவையில்லை. தொகுப்பூதியத்தில் சிக்ஷண் சேவக் என்று எடுக்கப்பட்ட ஆசிரியர்களுக்கு மட்டும் மூன்று ஆண்டு. தகுதிகாண் காலத்துக்குள் வேலை திருப்தியில்லை என்றால் ஒரு மாத நோட்டீஸ் அல்லது ஒரு மாதச் சம்பளம் கொடுத்து நிறுத்தலாம். ஆனால் 'திருப்தியில்லை' என்ற போர்வையில் உண்மையில் ஒரு குற்றச்சாட்டுக்குத் தண்டனை கொடுத்திருந்தால், விசாரணை இல்லாமல் அது செல்லாது என்று வாதாட இடமுண்டு. கடிதத்தில் பணம் கையாடல், மாணவியிடம் தவறான நடத்தை என்பது போல ஒருவரின் பெயரைக் கெடுக்கும் வார்த்தை இருந்தால் அந்தக் கடிதத்தைப் பத்திரமாக வையுங்கள். அதுவே உங்கள் முக்கியச் சான்று.

ஜூனில் சேர்த்து ஏப்ரலில் நிறுத்தி, மறுபடி ஜூனில் சேர்ப்பது பழைய பழக்கம். உண்மையான தற்காலிக இடத்துக்குக் குறிப்பிட்ட காலத்துக்கு மட்டும் எடுத்திருந்தால், காலம் முடிந்ததும் வேலை முடிவதை நீதிமன்றங்கள் ஏற்றுக்கொள்கின்றன. அதனால் எத்தனை வருடம் வேலை பார்த்தேன் என்பதைவிட முக்கியமான கேள்விகள் இருக்கின்றன. அந்த இடம் நிரந்தரக் காலியிடமா? விளம்பரம் வந்ததா? தேர்வுக் குழு நேர்காணல் செய்ததா? உங்களுக்குத் தேவையான தகுதி, டிகிரி கல்லூரியானால் நெட் அல்லது செட் என்ற தகுதித் தேர்வு அல்லது பிஎச்.டி., அன்று இருந்ததா? இவற்றுக்கெல்லாம் ஆம் என்றால், பத்து மாத உத்தரவு என்று தாளில் போட்டிருப்பது மட்டும் நிர்வாகத்தைக் காப்பாற்றாது என்று போராடலாம்.

சி.ஹெச்.பி. (கிளாக் ஹவர் பேசிஸ்) ஆசிரியர்களின் நிலைமைதான் மனதை உறுத்துகிறது. மணிக்கணக்கில் கூலி, விடுமுறைக்குச் சம்பளம் கிடையாது. ஆனால் தேர்வு மேற்பார்வை, விடைத்தாள் திருத்தம், கல்லூரியின் தரத்தை மதிப்பிடும் நாக் குழு வரும்போது ராத்திரி வரை ஃபைல் அடுக்குவது எல்லாவற்றுக்கும் அவர்கள் வேண்டும். தகுதி இருந்தும் வருடக்கணக்காக இதிலேயே இருப்பவர்கள் உண்டு. சட்டத்தின் பாதுகாப்பு இவர்களுக்கு மிக மெல்லியது என்பதை மழுப்பாமல் சொல்லத்தான் வேண்டும். முழுநேரப் பணியிடத்தை மறைக்கத்தான் சி.ஹெச்.பி. என்று பெயர் வைத்திருக்கிறார்கள் என்று காட்ட முடிந்தால் மட்டுமே வழக்கு நிற்கும். அதற்கு வகுப்பு அட்டவணை, வங்கிக் கணக்கு வரவு, பல்கலைக்கழகத் தேர்வுப் பணி உத்தரவுகள் எல்லாம் வேண்டும்.

ராஜினாமா என்னும் பொறி

வழக்கைக் கெடுக்கும் காரியங்களில் முதலிடம் இதற்கு. இப்படித்தான் கேட்பார்கள்:

"அண்ணே, ஹெச்.ஆர். மேடம் சொல்றாங்க, டெர்மினேஷன்னு போனா வேற எங்கேயும் வேலை கிடைக்காதாம். ராஜினாமா எழுதிக் கொடுத்தா எக்ஸ்பீரியன்ஸ் சர்ட்டிஃபிகேட் நல்லபடியா தருவாங்களாம்."

"எழுதிக் கொடுத்துட்டியாம்மா?"

"இன்னும் இல்ல. நாளைக்குக் காலைல பதினோரு மணிக்குள்ள கேட்டாங்க."

கொடுக்காதீர்கள். தீர்ப்பாயத்துக்குப் போகும் உரிமை நீக்கப்பட்டவருக்கு. தானே விலகியவருக்கு அந்த உரிமை இல்லை. மிரட்டி வாங்கினார்கள் என்று பிறகு நிரூபிக்கலாம், ஆனால் அது மலையேறுகிற வேலை. ஊழியரின் ராஜினாமா எப்படி இருக்க வேண்டும் என்று 1977 சட்டத்தின் ஏழாவது பிரிவே சொல்கிறது. இரண்டு பிரதி, இரண்டிலும் கையெழுத்து, தேதி. ஒன்று நிர்வாகத்துக்குத் தபாலில், ஒன்று ஊழியர் கையில். வேலையில் சேரும் நாளிலேயே தேதி போடாத ராஜினாமாவில் கையெழுத்து வாங்கி வைத்துக்கொள்ளும் இடங்களை மனதில் வைத்துத்தான் இந்த ஏற்பாடு என்று நினைக்கிறேன். ஏற்கெனவே கட்டாயத்தில் எழுதிக் கொடுத்துவிட்டீர்கள் என்றால் அன்றே, தள்ளினால் மறுநாளே, எந்தச் சூழ்நிலையில் வாங்கினார்கள் என்று விவரித்து, வாபஸ் பெறுவதாக ஈமெயிலும் ஸ்பீட் போஸ்ட்டும் அனுப்புங்கள்.

வாய்வார்த்தையாக "நாளையிலிருந்து வராதே" என்று சொல்லியிருந்தாலும் இதே வேலைதான். 'வேறு விதத்தில் பணி முடிக்கப்பட்டவர்' என்று சட்டத்தில் இருக்கும் சொற்களுக்குள் அதையும் கொண்டுவரலாம். ஆனால் நிர்வாகம் "நாங்கள் நீக்கவேயில்லை, அவரே வரவில்லை" என்று சொல்லும். அதனால் அன்றைக்கே முதல்வருக்கு நான்கு வரி எழுதுங்கள்: இன்று காலை இத்தனை மணிக்கு வந்தேன், மஸ்டரில் கையெழுத்துப் போட விடவில்லை, இன்னார் இப்படிச் சொன்னார், நான் வேலைக்குத் தயாராக இருக்கிறேன். கோபமான வார்த்தை ஒன்றும் வேண்டாம். நீக்க உத்தரவைக் கையில் கொடுத்துக் கையெழுத்துக் கேட்டால், தேதி போட்டு, 'உரிமைகளுக்குப் பாதகமின்றிப் பெற்றுக்கொண்டேன்' என்று எழுதிக் கையெழுத்திடுங்கள். தபாலில் வந்தால் உறையைத் தூக்கிப் போடாதீர்கள். 30 நாளை எண்ணுவது உத்தரவு கைக்கு வந்த நாளிலிருந்து, அந்த நாளைக் காட்ட உறையின் மேல் இருக்கும் தபால் தேதி உதவும்.

நம்மவர்கள் நடத்தும் கல்லூரி என்றால்

மும்பையில் தென்னிந்தியர்கள் தொடங்கி வளர்த்த கல்வி நிறுவனங்கள் பல. மகாராஷ்டிரத்தில் தமிழ் பேசுபவர்கள் மொழிச் சிறுபான்மையினர். மொழிச் சிறுபான்மையை மாநில அளவில்தான் தீர்மானிக்க வேண்டும் என்று டி.எம்.ஏ. பாய் தீர்ப்பும் சொல்கிறது. அதனால் இப்படிப்பட்ட நிறுவனங்கள் சிறுபான்மையினர் தங்கள் கல்வி நிறுவனங்களைத் தாங்களே நடத்த அரசியலமைப்பின் 30 ஆம் பிரிவு தரும் உரிமையைக் கோர முடியும்.

இதைக் காட்டி, "நாங்கள் மைனாரிட்டி, எங்களுக்கு எந்தச் சட்டமும் கிடையாது" என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். சிறுபான்மை நிறுவனத்துக்குத் தன் தலைமையாசிரியரையும் ஊழியரையும் தேர்ந்தெடுப்பதில் கூடுதல் சுதந்திரம் உண்டு. 1977 சட்டமே தலைமைப் பதவிக்கும் நிர்வாகம் அறிவிக்கும் மூன்று பேர் வரைக்குமான நியமனத்துக்கு விலக்குத் தருகிறது. ஆனால் வேலைக்கு எடுத்தபிறகு அநியாயமாக வெளியே தள்ளும் உரிமை அதில் அடங்காது. ஃபிராங்க் அந்தோணி பள்ளி ஊழியர் சங்க வழக்கில் 1986 இலேயே, ஊழியர்களின் பணிப் பாதுகாப்புக்கான விதிகள் சிறுபான்மைப் பள்ளியின் நிர்வாக உரிமையைப் பறிப்பதாகாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

சட்டத்தைவிடக் கனமான தடை வேறு ஒன்று. டிரஸ்டியின் வீட்டுக் கல்யாணத்துக்குப் போயிருப்போம். அவர்தான் ஊர்க்காரர் என்று வேலை வாங்கிக் கொடுத்திருப்பார். கோயில் கமிட்டியிலும் அவர்தான். அவர்மேல் கேஸ் போடுவதா என்று கை நடுங்கும். வீட்டில் பெரியவர்களே வேண்டாம் என்பார்கள். மேல்முறையீடு செய்வது யாரையும் அவமானப்படுத்துவது அல்ல. நிர்வாகம் எடுத்த முடிவு சரியா என்று பார்க்கச் சட்டம் வைத்திருக்கும் சாதாரண நடைமுறை அது. மனுவில் தனிப்பட்ட வசை எதுவும் இல்லாமல், தேதிகளையும் விதிகளையும் மட்டும் எழுதினாலே போதும். கோயிலில் பார்த்தால் வணக்கம் சொல்லிவிட்டும் வழக்கு நடத்தலாம்.

கடைசியில் என்ன கிடைக்கும்

தீர்ப்பாயம் நீக்கத்தை ரத்து செய்து வேலையைத் திரும்பத் தரலாம். இடைப்பட்ட காலச் சம்பளத்தைத் தரச் சொல்லலாம். தண்டனை அதிகம் என்று பட்டால் குறைக்கலாம். உறவு முறிந்துபோய்த் திரும்பச் சேர்ப்பது சரிவராது என்று நினைத்தால், 1977 சட்டத்தில் நஷ்டஈட்டுக்கு ஒரு கணக்கே இருக்கிறது: பத்து ஆண்டோ அதற்கு மேலோ வேலை பார்த்தவருக்குப் பன்னிரண்டு மாதச் சம்பளம், அதற்குக் குறைந்தவருக்கு ஆறு மாதச் சம்பளம். மேல்முறையீட்டை மூன்று மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்றும் அந்தச் சட்டம் சொல்கிறது. நடப்பில் அதைவிட நீளும் என்பதை மனதில் வைத்துச் சேமிப்பைத் திட்டமிடுங்கள். தீர்ப்பு வந்தபின் தோற்றவர் உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 227 ஆம் பிரிவின்கீழ் மனு போடலாம். நீங்கள் ஜெயித்தாலும் நிர்வாகம் அங்கே ஸ்டே (இடைக்காலத் தடை) கேட்கும். ஸ்டே கொடுப்பதானால் பின் சம்பளத்தை டெபாசிட் செய்யச் சொல்லுங்கள் என்று உங்கள் வக்கீல் கேட்க வேண்டும்.

வழக்கு ஒருபுறம் நடக்கும்போதே கேட்டு வாங்க வேண்டிய பணம் கிராஜுவிட்டி, அதாவது பணிக்கொடை. ஆசிரியருக்கு கிராஜுவிட்டி கிடையாது என்று இன்னமும் சில ஆபீஸ்களில் சொல்கிறார்கள். 2004 இல் உச்ச நீதிமன்றம் அப்படிச் சொன்னது உண்மைதான். ஆனால் 2009 இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3 முதல் ஆசிரியர்களையும் சேர்த்துவிட்டது. தனியார் பள்ளிகள் அந்தத் திருத்தத்தை எதிர்த்துப் போட்ட வழக்கும் 2022 ஆகஸ்டில் தோற்றுப்போனது. ஐந்து ஆண்டு தொடர்ந்து வேலை பார்த்திருந்தால், கல்லூரி உங்களை எப்படி வெளியே அனுப்பியிருந்தாலும், கிராஜுவிட்டி விண்ணப்பத்தைத் தனியாக எழுதி நிர்வாகத்துக்கு அனுப்பிவிடுங்கள். கொடுக்க மறுத்தால் அதற்குப் போக வேண்டிய இடம் தீர்ப்பாயம் அல்ல, கிராஜுவிட்டிக்கென்று அரசு நியமித்திருக்கும் அதிகாரி. லேபர் ஆபீஸுக்குப் போ என்று முதல் நாள் சொன்னவரின் யோசனை இந்த ஒரு விஷயத்துக்கு மட்டும் சரியாக இருக்கும்.